கூடைப்பந்துப் படத்துக்கு யார் காசு கொடுப்பது?

மைசூருவில் தசரா விளையாட்டுப் போட்டிகள் நடக்கும் நாட்களில் சாமுண்டி விஹார் அரங்கத்துக்குப் பத்திரிகைப் புகைப்படக்காரர்கள் வராமலில்லை. தொடக்க விழாவுக்கு வருகிறார்கள். விருந்தினர் மேடையை எடுக்கிறார்கள். பரிசளிப்புக்கு மறுபடி வருகிறார்கள். மறுநாள் நாளிதழின் உள்ளூர்ப் பக்கத்தில் கூடைப்பந்து அணியினர் கோப்பையைப் பிடித்தபடி இரண்டு வரிசையாக நிற்பார்கள். அந்தக் கோப்பை எப்படிக் கைக்கு வந்தது, கடைசி நிமிடத்தில் கூட்டத்துக்கு மேலே எழும்பிய கை யாருடையது என்பதற்குப் படம் இருக்காது. இந்தியாவில் எந்த மாவட்டத் தலைநகருக்குப் போனாலும் கூடைப்பந்துக்கு இதே கதிதான். மைசூருவைத் தனியாக எடுத்துப் பேசக் காரணம், புகைப்படக் கலையில் இந்த ஊருக்கு இருக்கும் பெயர்.

டி. எஸ். சத்யன் 1923இல் மைசூருவில் பிறந்தவர், மகாராஜா கல்லூரி மாணவர். நாற்பதுகளின் இறுதியில் பெங்களூருவில் டெக்கான் ஹெரால்டில் சேர்ந்தார். பிறகு இல்லஸ்ட்ரேட்டட் வீக்லிக்கும், லைஃப், டைம், நியூஸ்வீக் போன்ற அயல்நாட்டு இதழ்களுக்கும் எடுத்தார். உலக சுகாதார நிறுவனத்துக்காகப் பெரியம்மை ஒழிப்புப் பணியைப் படமாக்கினார். 1979, சர்வதேசக் குழந்தைகள் ஆண்டு. அப்போது அவர் எடுத்த குழந்தைகளின் படங்களை நியூயார்க்கில் ஐ.நா. தலைமையகத்தில் காட்சிக்கு வைத்தது யுனிசெஃப். அதற்கு இரண்டு ஆண்டுகளுக்கு முன்பே பத்மஸ்ரீ வந்துவிட்டது. பிற்காலத்தில் மைசூருவுக்கே திரும்பி, 2009 டிசம்பரில் அங்கேயே காலமானார். அவருடைய வாழ்க்கையை இப்படி அடுக்கிப் பார்க்கும்போது எனக்கு முதலில் கண்ணில் படுவது, படத்தை வாங்கியவர்களின் பட்டியல்தான். நாளிதழ், வார இதழ், அமெரிக்கப் பத்திரிகை, ஐ.நா. அமைப்பு என்று ஒன்று மாற்றி ஒன்று வந்தது. தெருவில் விளையாடும் சிறுவனையும் வயலில் குனிந்திருக்கும் பெண்ணையும் அவர் கண் தேடிப் பிடித்தது உண்மை. அந்தப் படங்களுக்குப் பணம் தர ஆசிரியர்கள் இருந்ததால்தான் அறுபது ஆண்டுகள் அவரால் தேடிக்கொண்டே இருக்க முடிந்தது.

இதே ஊரைச் சேர்ந்த க்ருபாகர், சேனானி இருவரையும் எடுத்துக்கொள்ளுங்கள். பந்திப்பூர், முதுமலைக் காடுகளில் செந்நாய்களின் பின்னால் ஆண்டுக்கணக்கில் அலைந்தவர்கள். 1997இல் வீரப்பன் இவர்களைக் கடத்திச் சென்று பதினான்கு நாட்கள் வைத்திருந்த செய்தி தமிழ் வாசகர்களுக்கு நினைவிருக்கும். 2010இல் இவர்களுடைய படம் பிரிட்டனின் வைல்ட்ஸ்க்ரீன் விழாவில் பாண்டா விருது வாங்கியது. பக்கத்தில் பெங்களூருவில் டி. என். ஏ. பெருமாள் காட்டுயிர்ப் படக்கலையில் ஒரு தலைமுறைக்கே ஆசானாக இருந்து 2017இல் மறைந்தார். கர்நாடகத்தின் விளையாட்டு வீரர் ஒருவர் கேமராவைக் கையில் எடுத்தபோதும் இதுவே நடந்தது. அனில் கும்ப்ளே போனது மைதானத்துக்கு அல்ல, காட்டுக்கு.

காடு அழைத்தது என்று மட்டும் இதற்கு விளக்கம் சொன்னால் பாதிதான் சொன்னதாகும். காட்டுயிர்ப் படத்துக்குப் பின்னால் ஒரு முழு ஏற்பாடு இருந்தது. புகைப்படக் கழகங்களின் கண்காட்சிகளில் இயற்கைக்கென்று தனிப் பிரிவு, அதற்குப் பதக்கம், பட்டம், பிறகு நாட்காட்டி, வெளிநாட்டுத் தொலைக்காட்சி, விடுதிகள். பதினெட்டு வயதுப் பையன் ஒரு புலிப் படத்தோடு நுழையக் கதவுகள் இருந்தன. அதே பையன் ஒரு ரீபவுண்ட் படத்தோடு வந்தால் தட்டுவதற்குக் கதவு இல்லை.

ஆட்டம் இல்லாததாலா? இல்லை. ஜேம்ஸ் நைஸ்மித் 1891 டிசம்பரில் ஸ்ப்ரிங்ஃபீல்டில் உருவாக்கிய கூடைப்பந்து ஒய்எம்சிஏ வழியாக விரைவிலேயே இந்தியாவுக்கு வந்துவிட்டது. ஹாரி பக் 1920இல் சென்னையில் தொடங்கிய ஒய்எம்சிஏ உடற்கல்விக் கல்லூரி அதைத் தென்னிந்தியப் பள்ளிகளுக்குள் கொண்டுபோனது. ஆண்களுக்கான முதல் தேசியப் போட்டி 1934இல் நடந்தது. இந்தியக் கூடைப்பந்துக் கூட்டமைப்பு 1950இல் அமைந்தது. ஆனால் இந்த ஆட்டம் நம்மிடம் வளர்ந்த விதம் ஒன்று உண்டு. பள்ளி, கல்லூரி விடுதி, அங்கிருந்து விளையாட்டு ஒதுக்கீட்டில் ரயில்வே, வங்கி, காவல்துறை. ஆடுகிறவருக்கு வேலை கொடுக்கிற நிறுவனங்கள் உண்டு, நடுவருக்குப் படி கொடுக்கச் சங்கம் உண்டு. சீட்டு வாங்கி வந்து பார்க்கிற கூட்டம்தான் பெரிதாகச் சேரவில்லை. பார்வையாளர் இல்லாத ஆட்டத்துக்கு விளம்பரம் வராது, விளம்பரம் வராத ஆட்டத்துக்குப் பத்திரிகையில் இடம் கிடைக்காது, இடம் கிடைக்காத படத்துக்கு யார் லென்ஸ் வாங்குவார்கள்? தனியார் லீக்குகள் தலைகாட்டியதுண்டு. 2015இல் தொடங்கிய யுபிஏ லீக் சென்னை ஸ்லாம் போன்ற அணிகளைத் தந்தது. சில பருவங்களோடு அது அடங்கிப்போனது. ஒரு புகைப்படக்காரர் இந்த ஆட்டத்தை நம்பித் தொழில் கற்றுக்கொள்ள அந்தக் கால அளவு போதாது.

கற்றுக்கொள்ள நிறையவே இருக்கிறது. கூடைப்பந்தைப் பொறுத்தவரை வெளிச்சமும் தூரமும் முகங்களும் எல்லாமே புகைப்படக்காரருக்கு எதிராக நிற்கின்றன. மைதானம் 28 மீட்டருக்கு 15 மீட்டர்தான்; அதற்குள் பத்துப் பேர் ஒருவரை ஒருவர் மறைத்துக்கொண்டு ஓடுகிறார்கள். எல்லைக்கோட்டிலிருந்து இரண்டு மீட்டர் தள்ளித்தான் உட்கார வேண்டும். வளையத்துக்குக் கீழே நடுவர் ஒருவர் வந்து நிற்பார், பல நேரம் சரியாக லென்ஸுக்கு முன்னால். வலக்கை ஆட்டக்காரர் பெரும்பாலும் வலப்பக்கமாக வளையத்துக்குப் பாய்வார். இடக்கை ஆட்டக்காரர் எதிர்ப்பக்கம். யார் எந்தக் கை என்று தெரியாமல் உட்கார்ந்தால் மாலை முழுவதும் முதுகுகள்தான் கிடைக்கும்.

தாவலின் கணக்கைப் பாருங்கள். தரையிலிருந்து 60 சென்டிமீட்டர் எழும்புகிற வீரர் காற்றில் இருப்பது சுமார் 0.7 வினாடி. அதில் சரிபாதி நேரத்தை அவர் அந்த உயரத்தின் மேல் கால்பங்கில் கழிக்கிறார். அவர் அந்தரத்தில் நின்றுவிட்டதாக நமக்குத் தோன்றுவது இதனால்தான். புகைப்படக்காரர் வேட்டையாடுவது இந்த மூன்றிலொரு வினாடியை. கண்ணால் கண்டு விரல் அழுத்துவதற்கே சராசரியாக 0.2 வினாடி போய்விடும். எழும்பிய பிறகு அழுத்தினால் இறங்குகிற ஆள்தான் கிடைப்பார். முழங்கால் மடங்கும்போதே, அதாவது அவர் தாவப்போகிறாரா பந்தைக் கைமாற்றப் போகிறாரா என்று எதிராளிக்கே தெரியாத நேரத்தில், இவர் முடிவு செய்ய வேண்டும். ஆடிப் பழகியவர்களிடமிருந்து நல்ல கூடைப்பந்துப் படங்கள் வருவது தற்செயல் அல்ல.

வெளிச்சம் இன்னொரு தலைவலி. நம் ஊர்களில் பெரும்பாலான ஆட்டம் திறந்தவெளிச் சிமெண்டுத் தரையில். மாலை நான்கு மணிக்கு மேற்கு வளையத்துக்குப் பின்னால் சூரியன் நிற்கும். அதைப் பார்த்தபடி கீழே உட்கார்ந்து மேல்நோக்கி எடுக்கிறவருக்கு வானம் வெளுத்து, முகம் கறுத்துவிடும். மேற்கு வளையத்தடியில் உட்கார்ந்தால் முகத்தில் நல்ல வெயில் கிடைக்கும், ஆனால் அந்த வளையத்தைத் தாக்குவது பாதி ஆட்டம் வரைக்கும் ஒரு அணி, பிறகு மற்ற அணி. எந்தப் பாதியில் எந்த அணி என்று ஆட்டம் தொடங்கும் முன்பே திட்டமிட்டாக வேண்டும். உள்ளரங்கத்தில் சூரியன் தொல்லை இல்லை, விளக்குகளின் தொல்லை உண்டு. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். பழைய மெட்டல் ஹாலைடு விளக்குகள் வினாடிக்கு நூறு முறை மங்கிப் பிரகாசிக்கும். கண்ணுக்கு அது தெரியாது. ஆயிரத்தில் ஒரு வினாடி ஷட்டரில் அடுத்தடுத்து நான்கு படம் எடுத்தால் ஒன்று வெளிச்சமாக, ஒன்று இருட்டாக, ஒன்று மஞ்சளாக வந்து நிற்கும். 2014 முதல் சில கேமராக்கள் விளக்கின் துடிப்பை அளந்து உச்ச வெளிச்சத்தில் மட்டும் ஷட்டரைத் திறக்கின்றன. அதற்கு முன்பு கிடைத்ததில் பொறுக்குவதுதான் வழி.

இந்த வெளிச்சச் சிக்கலைத் தீர்த்த விதத்தில்தான் உலகின் மிகப் புகழ்பெற்ற கூடைப்பந்துப் புகைப்படக்காரரின் வாழ்க்கை தொடங்குகிறது. ஆண்ட்ரூ பெர்ன்ஸ்டீன் 1958இல் புரூக்ளினில் பிறந்தவர். கலிஃபோர்னியாவின் பாசடீனாவில் ஆர்ட் சென்டர் கல்லூரியில் படித்தபோது, லாஸ் ஏஞ்சலஸுக்கு வரும் ஸ்போர்ட்ஸ் இல்லஸ்ட்ரேட்டட் புகைப்படக்காரர்களிடம் உதவியாளராகச் சேர்ந்தார். உதவியாளர் வேலை என்பது கூரைக்கு ஏறுவது. அரங்கத்தின் உச்சியில் இரும்பு நடைபாதைகளில் பெரிய ஸ்ட்ரோப் விளக்குகளைக் கட்டி, கீழிருக்கும் கேமராவோடு இணைத்து, ஆட்டம் முடிந்ததும் கழற்றி இறக்குவது. அந்தக் கூரைதான் அவருக்குப் பள்ளிக்கூடம். மேலே எந்த மூலையில் விளக்கு நின்றால் கீழே எந்த முகத்தில் நிழல் விழும் என்பதைத் தலையாய பாடமாகப் படித்தார். 1983இல் லாஸ் ஏஞ்சலஸ் ஃபோரம் அரங்கில் நடந்த ஆல்-ஸ்டார் ஆட்டம், அமெரிக்கத் தொழில்முறைக் கூடைப்பந்து லீக்கான என்பிஏவுக்காக அவர் எடுத்த முதல் ஆட்டம்.

ஸ்ட்ரோப் விளக்கில் எடுக்கிறவருக்கு ஒரு கட்டுப்பாடு உண்டு. விளக்கு ஒருமுறை வெடித்தால் மறுபடி மின்னேற்றம் ஆக மூன்று நான்கு வினாடி பிடிக்கும். அதற்குள் ஆட்டம் மறுமுனைக்குப் போய்விடலாம். ஒரு பாய்ச்சலுக்கு ஒரே படம். இன்றைய கேமராவில் வினாடிக்கு இருபது படம் தட்டிவிட்டுப் பிறகு பொறுக்குகிற வசதி அங்கே இல்லை. கொஞ்சம் முன்னால் அழுத்திவிட்டால், உண்மையான உச்சத்தின்போது விளக்கு தூங்கிக்கொண்டிருக்கும். கிடைக்கிற படத்திலோ வியர்வைத் துளி வரைக்கும் கூர்மை, சட்டையின் நிறம் துல்லியம், பின்னணி இருட்டு. எண்பது தொண்ணூறுகளின் என்பிஏ படங்கள் இன்றும் ஓவியம் மாதிரி தெரிவதற்குப் பெரும் காரணம் இந்த ஒற்றைச் சொடுக்கு.

பிறகு கேமராக்கள் பெருகின. கண்ணாடிப் பலகைக்குப் பின்னால் ஒன்று, வளையத் தூணின் அடியில் ஒன்று, கூரையிலிருந்து நேர்கீழே பார்க்க ஒன்று. ஒரே பொத்தானில் இவை எல்லாவற்றையும் அதே ஸ்ட்ரோப் ஒளியில் சேர்ந்து இயங்கவைக்கும் ரேடியோ கருவியை உருவாக்கியதில் பெர்ன்ஸ்டீனுக்கும் பங்கு உண்டு. பலகைக்குப் பின்னால் கேமரா வைப்பது பார்க்க எளிது. ஆட்டம் தொடங்குவதற்குப் பல மணி நேரம் முன்பே ஏணியில் ஏறி, கண்ணாடியில் கைரேகை இல்லாமல் துடைத்து, எதிரொளி விழாமல் கறுப்புத் துணி சுற்றி, டங்க் அடிக்கும்போது பலகை குலுங்கினாலும் விழாதபடி இரும்புக் கம்பியால் கட்ட வேண்டும். குவியத்தை வளையத்தின் மேல் நிறுத்தி ஒட்டிவிட வேண்டும். பிறகு இரண்டரை மணி நேரம் அதைத் தொட முடியாது.

ஆனாலும் அவருடைய வாழ்க்கையில் திருப்பம் எது என்று கேட்டால் நான் விளக்கைச் சொல்லமாட்டேன், 1986ஐச் சொல்வேன். அந்த ஆண்டு என்பிஏ தனக்கென்று ஒரு புகைப்படப் பிரிவை வைத்துக்கொண்டது, அதை உருவாக்கியவர்களில் பெர்ன்ஸ்டீன் ஒருவர். ஆட்டத்தை நடத்தும் அமைப்பே படங்களைச் சேகரிக்கவும் பாதுகாக்கவும் விற்கவும் முன்வந்ததும் புகைப்படக்காரர் செய்தியாளராக வந்துபோகிறவர் என்ற நிலை மாறியது. அவர் வீட்டு ஆளானார். உடைமாற்றும் அறைக்கதவு திறந்தது. 1991 ஜூனில் மைக்கேல் ஜோர்டன் தன் முதல் கோப்பையைக் கட்டிக்கொண்டு அழுததையும், பக்கத்தில் அவர் தந்தை இருந்ததையும் எடுத்தது பெர்ன்ஸ்டீன். மைதானத்தில் எவ்வளவு நல்ல லென்ஸ் வைத்திருந்தாலும் அந்தப் படம் கிடைத்திருக்காது.

கோபி பிரையன்ட்டை அவர் 1996இல் புதுமுகமாக வந்த நாளிலிருந்து 2016 ஏப்ரலில் 60 புள்ளி எடுத்து விடைபெற்ற இரவு வரைக்கும் எடுத்தார். ஒரே வீரர், ஒரே அணி, இருபது ஆண்டுகள். 2018இல் வந்த 'மாம்பா மென்டாலிட்டி' புத்தகத்தில் பெர்ன்ஸ்டீனின் படங்களை வைத்துக்கொண்டு பிரையன்ட் தன் ஆட்டத்தையே விளக்குகிறார்: கால் எங்கே ஊன்றியிருக்கிறது, தோள் எந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறது, எதிராளி ஏன் ஏமாந்தார். பயிற்சி பெறுகிறவருக்கு அது பாடநூல். அதே 2018இல் நைஸ்மித் பெயரில் உள்ள கூடைப்பந்துப் புகழரங்கம் கர்ட் கௌடி ஊடக விருதை அவருக்குக் கொடுத்தது. லாஸ் ஏஞ்சலஸின் இரண்டு என்பிஏ அணிகளும் பல ஆண்டுகள் ஒரே அரங்கத்தைப் பகிர்ந்துகொண்டன. ஆளுக்கு 41 உள்ளூர் ஆட்டம், ஆக ஒரு பருவத்துக்கு ஒரே கூரையின் கீழ் 82. இந்தியாவில் ஒரு மாநில அணி வீரர் தன் ஊரில் மக்கள் முன்னால் ஆடும் ஆட்டங்களை எண்ணிப் பாருங்கள். திறமையின் இடைவெளி என்று நாம் நினைப்பது பெரும்பாலும் வாய்ப்புகளின் எண்ணிக்கையில் உள்ள இடைவெளிதான்.

வீட்டு ஆளாக இல்லாதவருக்கு என்ன ஆகும் என்பதற்கு கோ ரென்ட்மீஸ்டர் உதாரணம். நெதர்லாந்துக்காரர், 1960 ரோம் ஒலிம்பிக்கில் துடுப்புப் படகு ஓட்டியவர், பிறகு லைஃப் இதழின் புகைப்படக்காரர். 1984இல் லைஃபின் ஒலிம்பிக் சிறப்பிதழுக்காக, அப்போது மாணவராக இருந்த ஜோர்டனை வடகரோலினாவில் ஒரு புல்மேட்டுக்கு அழைத்துப்போய், பாலே நடனக்காரர் தாவுவதுபோல் கால்களை விரித்து, இடக்கையில் பந்தோடு தாவவைத்து எடுத்தார். நைக் நிறுவனம் அந்தப் படத்தின் ஸ்லைடுகளை 150 டாலர் கொடுத்துத் தற்காலிகமாக வாங்கியது. பிறகு அதே மாதிரியான தாவலை சிகாகோவில் தானே படமெடுத்தது. ரென்ட்மீஸ்டர் ஆட்சேபித்ததும் இரண்டு ஆண்டு உரிமைக்கு 15,000 டாலர் கொடுத்தது. அதன் பிறகு அந்தத் தாவல் 'ஜம்ப்மேன்' சின்னமாகி இன்று உலகெங்கும் காலணிகளில் இருக்கிறது. 2015இல் அவர் வழக்குத் தொடர்ந்தார். ஒரு தோரணையை மட்டும் யாரும் சொந்தம் கொண்டாட முடியாது, நைக்கின் படம் விவரங்களில் வேறுபடுகிறது என்று 2018இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் சொன்னது. உச்ச நீதிமன்றம் 2019இல் வழக்கை எடுக்க மறுத்தது. சட்டப்படி தீர்ப்பு சரியாக இருக்கலாம். அந்தப் புல்மேட்டில் அந்தத் தாவலை முதலில் மனத்தில் கண்டவர் யார் என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. நம் ஊர்ப் போட்டிகளில் பெயரில்லாமல் வாட்ஸ்அப்பில் சுற்றும் படங்களைப் பார்க்கும்போதெல்லாம் அவர் நினைவு வருகிறது.

கர்நாடகத்துக்குத் திரும்புவோம். 2017 ஜூலையில் சர்வதேசக் கூடைப்பந்துக் கூட்டமைப்பான ஃபீபாவின் மகளிர் ஆசியக் கோப்பை பெங்களூருவில் நடந்தது. இரண்டாம் பிரிவு இறுதியாட்டத்தில் இந்தியா கஜகஸ்தானை 75-73 என்று வென்று முதல் பிரிவுக்கு ஏறியது. குழந்தை பெற்ற பிறகு மைதானத்துக்குத் திரும்பி வந்திருந்த சென்னையின் அனிதா பால்துரை அந்த அணியில் இருந்தார். பின்னால் 2021இல் பத்மஸ்ரீ பெற்றவர். ஆசிய அளவில் இந்தியப் பெண்கள் கூடைப்பந்துக்கு அது பெரிய நாள். அன்றைய ஆட்டத்தின் ஒழுங்கான படத்தொகுப்பு வேண்டுமென்றால் நாம் போய் நிற்பது ஸ்விட்சர்லாந்தின் மீஸில் தலைமையகம் வைத்திருக்கும் ஃபீபாவின் தளத்தில். காரணம் எளிது: தன் போட்டிக்குப் புகைப்படக்காரரை அமர்த்தியது அவர்கள். நம் வீராங்கனைகளின் நினைவை அயலார் பத்திரப்படுத்தியதற்கு நன்றி சொல்லலாம். ஆனால் ஃபீபா வராத ஆட்டங்கள்? அனிதா பதினெட்டு ஆண்டுகள் தேசிய அளவில் ஆடியவர். தேசியப் போட்டிகள், ரயில்வே போட்டிகள், சென்னை வெயிலில் நடந்த பயிற்சிகள் எல்லாம் யார் கணக்கில் இருக்கின்றன? 1980 மாஸ்கோ ஒலிம்பிக்கில் இந்திய ஆண்கள் அணி ஆடியது. எல்லா ஆட்டங்களிலும் தோற்றது. அதற்குப் பிறகு ஒலிம்பிக்குக்குப் போகவே இல்லை. அந்த அணியில் ஒருவர் பந்தை எப்படிப் பிடித்தார் என்று இன்றைய பதினைந்து வயதுப் பெண்ணுக்கோ பையனுக்கோ காட்ட ஒரு நல்ல படத்தைத் தேடுங்கள், எவ்வளவு சிரமம் என்று தெரியும். எண்கள் மட்டும் மிஞ்சியிருக்கும் ஆட்டத்தை யாரும் பார்த்துக் கற்க முடியாது.

என்பிஏ மாதிரி ஏற்பாடு இங்கே வரட்டும் என்று காத்திருக்க வேண்டியதில்லை என்பதே என் வாதம். கருவிகள் ஏற்கெனவே மைசூருவில் இருக்கின்றன, வேறு பெயரில். சரஸ்வதிபுரத்திலோ தேவராஜ அர்ஸ் சாலையிலோ உள்ள எந்தக் கல்யாண ஸ்டுடியோவிலும் இரண்டு நல்ல கேமரா, 70-200 லென்ஸ், தனியாக நிறுத்தும் ஃப்ளாஷ்கள், அவற்றை இயக்கும் ரேடியோ ட்ரிகர் எல்லாம் கிடைக்கும். கூடைப்பந்துக்கு வேண்டியதும் இவைதான். தாலி கட்டும் நொடியை மேளம் மாறுவதை வைத்தே முன்கூட்டி அறிந்து, கூட்டத்துக்குள் புகுந்து, மங்கிய மண்டபத்தில் ஒரே வாய்ப்பில் எடுக்கப் பழகியவர்கள் அங்கே வேலை செய்கிறார்கள். ஆஷாட மாதத்தில் அவர்களுக்குக் கல்யாணம் கிடையாது. பள்ளி, கல்லூரிப் போட்டிகள் சூடுபிடிக்கும் காலம் அதையொட்டித்தான் வருகிறது. நவராத்திரிக்கு முந்தைய மகாளய பட்சத்திலும் முகூர்த்தம் இல்லை. தசரா ஆட்டங்கள் நெருங்கும் நேரத்தில் அந்தக் கேமராக்கள் அலமாரியில் இருக்கின்றன.

மாநிலக் கூடைப்பந்துச் சங்கமோ மைசூருப் பல்கலைக்கழகத்தின் உடற்கல்வித் துறையோ ஒரு பருவத்துக்கு ஒரே ஒருவரை அமர்த்தினால் போதும். நடுவருக்குக் கொடுக்கும் படியை அவருக்கும் கொடுக்கட்டும். முதல் நாள் அவரைப் பயிற்சியாளருக்குப் பக்கத்தில் உட்காரவைத்து, யார் இடக்கை, யார் எந்தப் பக்கம் திரும்புவார் என்று சொல்லிக்கொடுக்கட்டும். படத்தின் உரிமை எடுத்தவரிடமே இருக்கட்டும். சங்கத்துக்குப் பயன்படுத்தும் அனுமதி மட்டும். ஒவ்வொரு படத்தோடும் வீரரின் பெயர், சட்டை எண், எதிரணி, ஊர், தேதி ஐந்தும் சேர்த்து எழுதிவைக்க வேண்டும். எடுத்தவரின் பெயரும் கூடவே.